நாற்பத்தேழு வாக்கியங்கள்

எழுத்து நகரவில்லை. நகரட்டும் என்று நான் காத்திருக்கிறேன். மனதுக்குள் எண்ணிக்கொண்டே முப்பத்தைந்து வரை வந்தாயிற்று, கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்தில் முதல் வரி இருந்த இடத்திலேயே நிற்கிறது, நான் வந்துவிட்டேன், நான் வந்துவிட்டேன் என்று. செல்போனைப் பிஸ்கட் டப்பாவில் சாய்த்து வைத்திருக்கிறேன், டப்பா வழுக்காமல் இருக்க அடியில் ஈரத்துணி. காலை ஏழு பத்துக்குப் பக்கத்து வீட்டு மெர்லின் வந்து என் மனைவி செலஸ்டினைக் கைபிடித்துப் பூசைக்குக் கூட்டிப் போனாள். எட்டே முக்காலுக்குத் திரும்பிவிடுவார்கள். தொண்ணூற்றைந்து நிமிடம், அதில் பதினான்கு போய்விட்டது. நாளைக்குக் காலையில் ஆஸ்பத்திரியில் சேர வேண்டும், புதன்கிழமை ஆபரேஷன், அவள் இல்லாமல் இந்த வீட்டில் நான் தனியாக இருக்கிற நேரம் இனி இது ஒன்றுதான். இது ஏன் நகரவில்லை. ஜெசிந்தா நேற்றே சொன்னாள். ஜெசிந்தா என் மகள், ஓசூரில் இருக்கிறாள், பள்ளிப் பிள்ளைகளுக்குக் கணக்குப் பாடத்தை வீடியோ எடுத்து அனுப்புகிற வேலை. சொல்ல வேண்டியதை இந்த ஆப்பில் எழுதி ஓடவிட்டு, அதைப் பார்த்துப் படிப்பாளாம், டெலிப்ராம்ப்டர் என்று பெயர். கையில் காகிதத்தை வைத்துப் படித்தால் காகிதம் நடுங்குகிற சத்தமும் சேர்ந்து பதிவாகிறது என்றுதான் இதை என் போனில் போட்டுக் கொடுத்தாள். 'யப்பா, நீங்க வாயத் தொறந்து படிச்சாதான் அது நகரும். அது நகரட்டும்னு நீங்க நின்னா, நீங்க படிக்கட்டும்னு அது நிக்கும். ரெண்டு பேருமா அப்படியே நிக்க வேண்டியதுதான்.' காதில் விழுந்தது, உடம்பில் ஏறவில்லை. முப்பத்தொரு வருடம் துறைமுகத்தில் டாலி எழுதினவன் நான், கப்பலில் ஏறுகிற மூட்டைகளை எண்ணிக் கோடு போடுகிறவன். கரையில் நான், கப்பலின் மேல்தளத்தில் இன்னொருவர், கிரேனின் ஒரு தூக்குக்கு இருபது மூட்டை. தூக்கு மேலே போய்ச் சேர்ந்ததும் அவர் கையை உயர்த்த வேண்டும். உயர்த்தாமல் நான் அடுத்த கோடு போட்டதில்லை, அவர் டீ குடிக்கப் போயிருந்தாலும் சரி, கிரேன்காரன் என் தாயைப் பற்றிக் கத்தினாலும் சரி. எதிர்ப்பக்கம் ஒப்புக்கொண்டால்தான் எண்ணிக்கை. பேச்சும் எனக்கு அப்படியே ஆகிவிட்டது. எதிரில் இருப்பவர் முடித்துவிட்டார் என்று உறுதியான பிறகு வாயைத் திறப்பேன், அதற்குள் அவர் எழுந்து போயிருப்பார். பெண் பார்க்கப் போன அன்று செலஸ்டினின் அண்ணன், 'மாப்பிள்ளைக்குப் பேச வரும்லா?' என்று கேட்டார். என் அப்பா, 'எண்ண வரும்' என்றார். கதவுக்குப் பின்னால் ஒரு சிரிப்புக் கேட்டது, அதுதான் நான் அவளிடமிருந்து கேட்ட முதல் சத்தம்.

படிக்கிறேன். நான் வந்துவிட்டேன். தகரத்தில் மணலைத் தேய்த்தது போல ஒரு சத்தம் வெளியே போகிறது, வரி நகரவில்லை. இன்னும் கொஞ்சம் உரக்க, நான் வந்துவிட்டேன், தொண்டையில் இடது பக்கம் சுருக்கென்கிறது, வரி நகரவில்லை. ஐந்து மாதத்துக்கு முன்னால் இப்படி இல்லை. சளி என்று நினைத்தேன், மிளகு போட்டுப் பால் குடித்தேன், நாற்பது நாள். பிறகு குழாயை மூக்கு வழியாக விட்டுப் பார்த்த டாக்டர், பீடி உண்டா என்று கேட்டார். இருபத்திரண்டு வருடம், நாளைக்கு ஆறு, விட்டுப் பதினேழு வருடம் என்றேன். அவர் அவ்வளவு விவரம் கேட்கவில்லை. 'ஐயா, குரல் பெட்டிய முழுசா எடுத்தாதான் உங்களக் காப்பாத்த முடியும். மூச்சு கழுத்து வழியாப் போகும்.' எத்தனை நாளைக்குப் பேசக் கூடாது என்று கேட்டேன். அவர் பேனாவை மூடிப் பையில் செருகினார், பிறகு ஜெசிந்தாவைப் பார்த்தார். அப்போது எனக்கு என் உயிர் ஞாபகம் வரவில்லை, எங்கள் வீட்டு நடுக்கட்டில் செலஸ்டின் நிற்பது ஞாபகம் வந்தது. நான்கு வருடத்துக்கு முன்னால் சர்க்கரையில் அவளுக்கு முதலில் வலது கண் போனது, ஏழு மாதம் கழித்து இடது. அதுவரைக்கும் இந்த வீட்டில் பேச்சு என்றால் அவள் பேச்சுதான். கண் போன முதல் வாரத்தில், 'ஏங்க, இருக்கியளா?' என்று கூப்பிடுவாள், நான் தலையை ஆட்டுவேன். ஆட்டிவிட்டு, பதில் சொல்லிவிட்டதாக நினைத்துப் பேப்பர் படிப்பேன். இரண்டு நாள் அப்படிச் செய்திருக்கிறேன். மூன்றாம் நாள் அவள் சுவரைத் தடவிக்கொண்டு என் நாற்காலி வரை வந்து என் முகத்தில் கை வைத்துப் பார்த்துவிட்டு, 'இருந்துகிட்டேதான் இல்லாம இருக்கியளா?' என்று கேட்டாள். அன்றைக்குத்தான் நான் பேச ஆரம்பித்தேன், அறுபத்தாறு வயதில். படி இருக்கிறது என்று சொல்வது, தட்டில் சோறு இந்தப் பக்கம் என்று சொல்வது, வீட்டுக்குள் வரும்போது வந்துவிட்டேன் என்று சொல்வது. நான் சத்தம் கொடுக்காவிட்டால் அவளுக்கு நான் இல்லை. சாமானில் ஒரு சாமான். டம்ளர் கூட விழுந்தால் சத்தம் போடும்.

அவளுக்கு இன்னும் தெரியாது. தொண்டையில் ஒரு கட்டி, எடுத்துவிடுவார்கள் என்று சொல்லியிருக்கிறேன், அதில் பொய் ஒன்றும் இல்லை, பாதிதான் இருக்கிறது. 'கட்டிய எடுத்துட்டா அந்தப் பழைய குரல் வந்துரும்' என்று மெர்லினிடம் சொல்கிறாள். ஜெசிந்தா தானே சொல்லிவிடுவதாகச் சொன்னாள், நான் சொல்கிறேன் என்றேன். எட்டு நாள் ஆகிவிட்டது, எட்டு முறை வாயைத் திறந்தேன். ஒவ்வொரு முறையும், 'தொண்டைய வச்சுக்கிட்டு என்னத்துக்குப் பேசுறிய, ஆபரேஷன் முடிஞ்சு நிதானமாப் பேசுங்க' என்று தடுத்துவிட்டாள். அதனால்தான் இந்த ஏற்பாடு. நான் படித்துப் பதிவு செய்தால் ஜெசிந்தா ஒவ்வொரு வாக்கியத்தையும் தனித்தனியாக வெட்டி, போனில் ஒவ்வொன்றுக்கும் ஒரு பொத்தான் வைத்துத் தருவாள், நான் அமுக்கினால் என் குரல் சொல்லும். எதையெல்லாம் பதிவு செய்ய வேண்டும் என்று அவள் ஒரு பட்டியல் அனுப்பினாள், பிறந்தநாள் வாழ்த்து, பேரப்பிள்ளைகளுக்கு அறிவுரை. நான் அதை ஒதுக்கி வைத்துவிட்டு எனக்குத் தெரிந்த முறையில் செய்தேன். மூன்று நாள், காலையில் எழுந்ததிலிருந்து படுக்கும் வரை செலஸ்டினிடம் நான் என்னென்ன சொல்கிறேன் என்று ஒவ்வொன்றையும் குறித்தேன். முதல் நாள் அறுபத்தொன்று, இரண்டாம் நாள் ஐம்பத்தெட்டு, மூன்றாம் நாள் அறுபத்து நான்கு. மொத்தம் நூற்று எண்பத்து மூன்று. திரும்பத் திரும்ப வந்ததைக் கழித்தால் நாற்பத்தேழு. என் பேச்சு மொத்தமும் நாற்பத்தேழு வாக்கியம். மழை வருகிறது, துணியை எடுத்துவிட்டேன். மாத்திரை சிவப்பு, சாப்பிட்ட பிறகு. கரண்ட் போய்விட்டது. அடுப்பை அணைத்துவிட்டேன். சரிபார்ப்பதற்காக இரண்டாவது முறை படித்தபோதுதான் கண்ணில் பட்டது, நாற்பத்தேழில் ஒன்றில் கூட அவளைப் பற்றி ஒன்றும் இல்லை. எல்லாம் படி, தட்டு, மாத்திரை, கதவு. நாற்பத்தெட்டு என்று எண் போட்டு எதிரே எழுத உட்கார்ந்தேன். அரை மணி நேரம். கல்யாணம் ஆகி நாற்பத்து மூன்று வருடத்தில் சொல்லாத ஒன்றை இப்போது எழுதிவைத்தால், அதை ஜெசிந்தா எந்தப் பொத்தானில் வைப்பாள், எந்த நேரத்தில் நான் அமுக்குவேன், தவறி மாத்திரைக்குப் பதிலாக அது அமுங்கிவிட்டால். எண்ணை அடித்துவிட்டேன்.

வெளியே மீன்காரி, 'சாளை, சாளை' என்று கத்திக்கொண்டு போகிறாள், வரி நகர்கிறது. ஒன்றாவது மேலே போய் இரண்டாவது, மூன்றாவது, அவள் தெருமுனை திரும்புவதற்குள் ஒன்பதாவது வரி வந்து நிற்கிறது. அவளுக்கு நகர்கிறது. என் பெயரில், என் வீட்டில், என் வாக்கியம் மீன்காரிக்கு நகர்கிறது. ஜெசிந்தா வாட்ஸ்அப்பில் எழுதி அனுப்பியதை நான் காலண்டர் தாளின் பின்பக்கம் எண் போட்டு எடுத்து வைத்திருக்கிறேன், கண்ணாடியைப் போட்டுப் பார்க்கிறேன். எழுத்து நகராவிட்டால் மைக்குக்கு அனுமதி கொடுத்திருக்கிறதா பார்க்க வேண்டும், கொடுத்திருக்கிறது. மொழி தமிழ் என்று இருக்கிறதா, இருக்கிறது. வேறு ஏதாவது ஆப் மைக்கைப் பிடித்துக்கொண்டிருந்தால் இதற்குக் காது கேட்காது, எல்லாவற்றையும் மூட வேண்டும், மூடினேன். போனை அணைத்துத் திரும்பப் போட வேண்டும், போட்டேன், விட்ட வரியிலேயே வந்து நின்றது, அதில் மூன்று நிமிடம். மின்விசிறியை நிறுத்த வேண்டும், நிறுத்தினேன், முதுகில் வியர்வை இறங்குகிறது. ஐந்துக்கும் டிக் போட்டாயிற்று. குரல் இப்படி இருந்தால் என்ன செய்ய வேண்டும் என்று அதில் எழுதவில்லை. அவளுக்கும் தோன்றியிருக்காது, இல்லை தோன்றி எழுதாமல் விட்டிருப்பாள். வாயை மைக்குக்குப் பக்கத்தில் கொண்டுபோய், உதடு படுகிற தூரத்தில், நான் வந்துவிட்டேன் என்கிறேன். ஒன்பதாவது வரி நிற்கிறது, குளித்துவிட்டு வா, தண்ணீர் காய்ந்துவிட்டது என்று. ஒரு வேளை இதற்கு இது குரல் இல்லை. மீன்காரியினுடையது குரல், கதவு அடித்தால் அது கூடக் குரல், இது மூச்சு. நான் ஆபரேஷனுக்கு முன்னால் இருக்கிறேன் என்று நினைத்துக்கொண்டிருக்கிறேன், இது நான் அதற்குப் பின்னால் வந்துவிட்டதாக எண்ணிக்கொண்டிருக்கிறது. யார் எண்ணிக்கை சரி. இரண்டு பக்கமும் ஒத்துவராவிட்டால் மூட்டைகளை இறக்கி முதலிலிருந்து எண்ணுவோம், இதில் எதை இறக்குவது. மணி ஏழு ஐம்பது.

காதை நம்பாமல் தானாகவே ஓடவிடுகிற வழி ஒன்று இருக்கிறது, அதைப் போடுகிறேன். வேகம் நாற்பது என்று இருந்தது, நான் 'படி' என்று சொல்வதற்குள் அது மாத்திரைக்குப் போய்விட்டது. இருபது வைத்தேன், பதினைந்து, பிறகு பன்னிரண்டு. பன்னிரண்டில் எனக்கு மூச்சு சரியாக இருக்கிறது. விரல் எதிலோ பட்டு எழுத்தெல்லாம் இடம் வலமாகத் திரும்பிவிட்டது, கண்ணாடியில் பார்க்கிற மாதிரி. அதற்கு ஜெசிந்தாவின் தாளில் ஏழாவது, இரண்டு முக்கோணம் போட்ட பொத்தானைத் திரும்ப அமுக்க வேண்டும், அமுக்கினேன், நேரானது. இப்படி ஒன்று சரியானதும் நெஞ்சில் சின்னதாக ஒரு வெளிச்சம் வருகிறது, வரக் கூடாது என்று எனக்கே தெரிகிறது. சிவப்பு வட்டத்தை அமுக்கிப் படிக்க ஆரம்பித்தேன். ஆறாவது வரியில் திரை இருண்டுவிட்டது, திரை அணைகிற நேரத்தை நீட்டி வைத்தேன், மறுபடி ஒன்றிலிருந்து. இருபத்து மூன்றாவது வரியில் போன் அடித்தது, பதிவு நின்றுவிட்டது. ஜெசிந்தா.

'யப்பா, முடிஞ்சுதா?'

'நீதான் முடிச்சுவிட்ட. இருபத்து மூணுல இருந்தேன்.'

'அய்யோ. சரி, அங்க இருந்தே தொடருங்க, நான் வெட்டி ஒட்டிக்கிடுதேன்.'

'எண்ணிக்கை அறுந்துபோச்சு. முதல்ல இருந்துதான்.'

'யப்பா, இது கப்பல் இல்ல. ஒரு வாக்கியம் விட்டுப் போனா ஒண்ணும் முங்கிராது.' சிரித்தாள், நான் சிரிக்கிற சத்தம் அங்கே போயிருக்காது. சிரிப்பை நிறுத்திவிட்டுக் கேட்டாள். 'அம்மாகிட்ட சொல்லிட்டியளா?'

'பூசைக்குப் போயிருக்கா.'

'நான் அதக் கேக்கல.'

'இன்னைக்குச் சொல்லிருவேன்.'

'நேத்தும் இதத்தான் சொன்னிய. ஒண்ணு செய்ங்க, அதையும் ஒரு வாக்கியமாப் படிச்சு வச்சிருங்க, நாப்பத்தெட்டாவது பொத்தான்.' கேலியாகத்தான் ஆரம்பித்தாள், முடிக்கும்போது குரல் உடைந்துவிட்டது. வரும் அழைப்புகளை நிறுத்தி வைக்கிற பொத்தான் எங்கே என்று சொல்லிவிட்டு வைத்தாள், அது தாளில் விட்டுப்போயிருந்தது, பத்து என்று எண் போட்டு எழுதிக்கொண்டேன்.

ஒன்றிலிருந்து நாற்பத்தேழு வரை ஒரே மூச்சில் இல்லை, நாற்பத்தேழு மூச்சில் படித்து முடித்தபோது எட்டு இருபத்தெட்டு. தேவாலயத்தில் வாசகம் படிக்கிறவர்கள் மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து, ஒவ்வொரு எழுத்தையும் முழுசாகச் சொல்லிப் படித்தேன். முப்பத்தெட்டில் இருமல், ஆனால் வாக்கியம் முடிந்த பிறகுதான். நாற்பத்தேழு, வாசல் கதவைப் பூட்டிவிட்டேன். சிவப்பு வட்டத்தை அமுக்கி நிறுத்தினேன், சேமிக்கப்பட்டது என்று வந்தது. தண்ணீர் குடித்தேன், நாலு மடக்கு, நாலாவது இறங்கவில்லை. பிறகு ஓடவிட்டேன். முதலில் ஒன்றும் இல்லை, சத்தத்தை முழுசாகக் கூட்டினேன். யாரோ ஒருவர் தண்ணீருக்கு அடியிலிருந்து பேசுகிறார். நான் வந்துவிட்டேன். கரகரப்பு இல்லை, மூச்சு இல்லை, வார்த்தையின் முனைகள் எல்லாம் தேய்ந்து, நடுப்பகுதி மட்டும் மழமழவென்று வருகிறது. தாளைப் பார்த்தேன், ஒன்பதாவது, பின்னணி இரைச்சலை நீக்கு என்பதை அணைத்து வைக்கவும். அணைக்கவில்லை. ஒன்பதை நான் தாண்டிப் போயிருக்கிறேன், டிக் கூட இல்லை, முப்பத்தொரு வருடத்தில் ஒரு கோட்டை விட்டதில்லை. எது இரைச்சல் என்று இதற்கு யார் சொன்னது. மணலை எல்லாம் எடுத்துவிட்டது, அந்த மணல்தான் நான். அணைத்துவிட்டு மறுபடி படிக்கலாம், பன்னிரண்டு வேகத்தில் பத்தொன்பது நிமிடம் ஆகும், பதினாறுதான் இருக்கிறது. பதினாறில் எத்தனை வரி, முப்பத்தொன்பது வரலாம், மிச்சம் எட்டை எதிலிருந்து கழிப்பது என்று பட்டியலைப் பார்க்கிறேன், எந்த எட்டை அவள் கேட்காமல் இருக்கலாம். முதலாவதை ஒரு முறை படித்துப் பார்க்கிறேன், குரலே எழும்பவில்லை. உதடு அசைகிறது, காற்றுப் போகிறது. நாற்பத்தேழு வரியோடு அது தீர்ந்துவிட்டது. வாயைக் குவித்துத் திரும்ப முயல்கிறேன், இல்லை. மத்தியானம் கொஞ்சம் வரலாம், ராத்திரி வரலாம், அப்போது அவள் பக்கத்தில் இருப்பாள். அப்படியானால் கையில் இருப்பது இதுதான். பரவாயில்லையா, ஆள் தெரிகிறதா, நன்றாகக் கேட்டால் தெரிகிற மாதிரித்தான் இருக்கிறதா என்று எழுந்து நின்று, போனை வாசல் பக்கம் திருப்பி, தள்ளி நின்று, அந்நியன் போலக் கேட்டுப் பார்க்க நினைத்து முதலாவதை மறுபடி ஓடவிடுகிறேன். வாசலில் மெர்லின், 'படி பாத்து, அக்கா, நான் போயிட்டு வாரேன்' என்கிறாள், இன்றைக்குப் பூசை சீக்கிரம் முடிந்திருக்கிறது. செலஸ்டின் நிலையைப் பிடித்துக்கொண்டு உள்ளே கால் வைக்கிறாள். போன் சொல்கிறது, நான் வந்துவிட்டேன். பாய்ந்து நிறுத்திவிட்டேன், ஆனால் அது சொல்லி முடித்துவிட்டது.

அவள் நின்றுவிட்டாள். முந்தானையை இழுத்துத் தோளில் சரியாகப் போட்டுக்கொண்டாள், வெளி ஆள் வந்தால் போடுகிற மாதிரி. 'வாங்க, வாங்க. யாருன்னு தெரியல, எனக்குக் கண்ணு தெரியாது, தப்பா நெனைக்காதிய.' நான் வாயைத் திறக்கிறேன், காற்றுப் போகிறது. 'ஏங்க,' என்று உள்பக்கம் பார்த்துக் கூப்பிடுகிறாள், 'யாரோ வந்திருக்காக.' காதைச் சாய்த்துக் கொஞ்ச நேரம் நிற்கிறாள். இரண்டடி தள்ளி நான் நிற்கிறேன். ஒரு எட்டு வைத்து அவள் கையைத் தொட்டால் போதும், தொட்டால் தெரிந்துவிடும், தொட்டால் எல்லாமே தெரிந்துவிடும், கையை நீட்ட வரவில்லை. 'பால் வாங்கப் போயிருப்பாக,' என்கிறாள் என்னைப் பார்த்து, என் தோளுக்குக் கொஞ்சம் மேலே பார்த்து. 'ஆஸ்பத்திரி விசயமாப் பாக்க வந்தியளோ? புதன்கிழமை ஆபரேஷன். இப்ப அவுக பேசினா உங்களுக்கு ஒண்ணும் வெளங்காது. அடுத்த மாசம் வாங்க, பழைய மாதிரி நல்லாப் பேசுவாக.' சுவரைத் தடவி என் நாற்காலியைக் கண்டுபிடித்து, அதன் மேல் கிடந்த காலண்டர் தாளை எடுத்து மேசையில் வைத்துவிட்டு, புடவை நுனியால் நாற்காலியை ஒரு தட்டுத் தட்டி என் பக்கம் திருப்பிப் போடுகிறாள். 'நின்னுக்கிட்டே இருக்கியளே. உக்காருங்க.'

உட்காருகிறேன்.